இல்லினாய்ஸ் ரொக்க ஜாமீனை ஒழித்த விதம்: ஒரு நிகழ்வு ஆய்வு

2023 செப்டம்பர் 18 முதல் அமெரிக்காவின் இல்லினாய்ஸ் மாநிலத்தில், கைதாகி நிற்கும் ஒருவரைப் பார்த்து "இவ்வளவு பணம் கட்டு, வீட்டுக்குப் போ" என்று எந்த நீதிபதியும் சொல்ல முடியாது. ரொக்க ஜாமீனை முழுசாக ஒழித்த முதல் அமெரிக்க மாநிலம் அதுதான். நியூ ஜெர்சி 2017-லேயே கிட்டத்தட்ட நிறுத்தியிருந்தாலும் முற்றாகத் தடை செய்யவில்லை. நியூயார்க் 2020 ஜனவரியில் புதுச் சட்டத்தைக் கொண்டுவந்து, பாதிக் கிணறு தாண்டிய நிலையில் ஏப்ரலிலேயே பின்வாங்கத் தொடங்கியது. கலிஃபோர்னியா 2018-ல் சட்டமே போட்டது. 2020 நவம்பர் பொது வாக்கெடுப்பில் சுமார் 56 சதவீதம் பேர் அதை நிராகரித்துவிட்டார்கள். இல்லினாய்ஸ் மட்டும் கரையேறியது எப்படி என்பதுதான் இந்த ஆய்வு.

சட்டமன்றக் கணக்கு, தேர்தல் கணக்கு, கொஞ்சம் அதிர்ஷ்டம் எல்லாம் இதில் உண்டு. ஆனால் அஸ்திவாரம் போட்டவர்கள், யாரோ ஒருவருக்காகக் காசை எடுத்துக்கொண்டு சிறை வாசலில் வரிசையில் நின்ற சாதாரண ஆட்கள். ஜாமீன் கட்டிக் கட்டியே ஜாமீனை ஒழித்தார்கள் என்பது என் கட்சி. கூடவே, அந்த வெற்றிக்கு அவர்கள் ஒரு விலையும் கொடுத்தார்கள். அதையும் பார்ப்போம்.

காசு எப்படி வேலை செய்தது

நமக்குப் பழக்கமான ஜாமீனில் பெரும்பாலும் இரண்டு பேர் வந்து கையெழுத்துப் போட்டு, சொத்துக்கோ வருமானத்துக்கோ ஆதாரம் காட்டுவார்கள். அமெரிக்காவில் விஷயம் நேரடியாகப் பணம். நீதிபதி ஒரு தொகையைச் சொல்வார். முழுத் தொகை கையில் இல்லாதவர்கள் தனியார் ஜாமீன் முகவரிடம் போவார்கள். அவர் பொதுவாகத் தொகையில் 10 சதவீதத்தைக் கட்டணமாக வாங்கிக்கொண்டு மீதிக்குப் பொறுப்பேற்பார். வழக்கில் நிரபராதி என்று தீர்ப்பு வந்தாலும் அந்தக் கட்டணம் திரும்பி வராது. பல மாநிலங்களில் இது பெரிய தொழில். அதற்குப் பின்னால் காப்பீட்டு நிறுவனங்கள், அதற்கும் பின்னால் சட்டமன்றத்தில் ஆதரவு திரட்டும் ஆட்கள்.

இல்லினாய்ஸ் இந்த முகவர் தொழிலை 1963-லேயே மூடிவிட்டது. இடைத்தரகர் வாங்கும் அந்த 10 சதவீதத்தை நேரடியாக நீதிமன்றத்திலேயே கட்டலாம் என்று மாற்றினார்கள். 'டி பாண்ட்' என்று அதற்குப் பெயர். நீதிபதி 50,000 டாலர் என்றால் கட்ட வேண்டியது 5,000. வெறும் கையெழுத்தில் வெளியே விடுவது 'ஐ பாண்ட்'. முழுத் தொகையையும் கட்டச் சொல்வது 'சி பாண்ட்'. அந்தக் காலத்துக்கு இது பெரிய சீர்திருத்தம்தான். ஆனால் முகவர் போன இடத்தில் நீதிமன்ற எழுத்தர் வந்து உட்கார்ந்தார். வழக்கு முடிந்ததும் கட்டிய பணத்தில் பத்தில் ஒரு பங்கை அலுவலகக் கட்டணமாகப் பிடித்துக்கொள்வார்கள். அபராதம், நீதிமன்றச் செலவு, சில நேரம் வழக்கறிஞர் கட்டணம் எல்லாம் அதிலிருந்தே கழியும். தண்டனை பெற்றவருக்கு மிஞ்சுவது பல நேரம் ஒன்றுமில்லை. இந்தப் பிடித்தம் செல்லாது என்று தொடுத்த வழக்கு அமெரிக்க உச்ச நீதிமன்றம் வரை போய் 1971-ல் தோற்றது. பிறகு, சிகாகோ நகரம் அடங்கிய குக் கவுண்டியில் (கவுண்டி என்பது நம் மாவட்டம் போல) மட்டும் பிடித்தத்துக்கு 100 டாலர் உச்சவரம்பு வந்தது. மற்ற கவுண்டிகளுக்கு இந்தப் பணம் ஒரு வரவினமாகவே மாறிப்போயிருந்தது.

இந்த 1963 விஷயத்தை நான் இவ்வளவு நீட்டிச் சொல்வதற்குக் காரணம் உண்டு. கலிஃபோர்னியாவில் வாக்கெடுப்பைக் கொண்டுவந்து பணத்தைக் கொட்டியது ஜாமீன் முகவர் தொழில். இல்லினாய்ஸில் அப்படி ஒரு எதிரியே இல்லை. அறுபது வருடத்துக்கு முந்திய ஒரு அரைகுறைச் சீர்திருத்தம், பின்னால் வந்தவர்களின் பாதையில் கிடந்த மிகப் பெரிய பாறையை முன்கூட்டியே உருட்டிவிட்டிருந்தது. தங்கள் மாநிலத்தில் இதையே அப்படியே செய்துவிடலாம் என்று நினைப்பவர்கள் இதைத்தான் முதலில் கவனிக்க வேண்டும்.

சிறை வாசலில் தொடங்கிய நிதி

2014 ஆகஸ்டில் சிகாகோ போலீஸ் 17 வயதுச் சிறுவன் ஒருவனைச் சுட்டுக் கொன்றது. அவனுக்காக நடந்த அஞ்சலிக் கூட்டத்திலும் போலீஸ் நுழைந்தது. உறவினர்களும் நண்பர்களுமாகச் சிலர் கைதானார்கள். பிள்ளையைப் பறிகொடுத்த குடும்பம், அடக்கச் செலவோடு ஜாமீன் பணமும் தேட வேண்டியிருந்தது. எல்லோரையும் வெளியே எடுக்க மாதக்கணக்கில் ஆனது. அதற்கு உதவி செய்தவர்கள்தான் 2015-ல் 'சிகாகோ கம்யூனிட்டி பாண்ட் ஃபண்ட்' என்ற நிதியைத் தொடங்கினார்கள். வழக்கறிஞர்கள் ஷார்லின் கிரேஸும் மேக்ஸ் சூக்கனும் அவர்களில் இருவர்.

அதே 2015 ஜூலையில் இல்லினாய்ஸைச் சேர்ந்த சாண்ட்ரா பிளாண்ட் என்ற 28 வயதுப் பெண், டெக்சாஸில் ஒரு போக்குவரத்து விதிமீறலுக்காக நிறுத்தப்பட்டுக் கைதாகி, மூன்றாவது நாள் சிறையில் இறந்துகிடந்தார். அவருக்கு விதித்த ஜாமீன் 5,000 டாலர். சுமார் 500 டாலர் இருந்திருந்தால் வெளியே வந்திருப்பார். அந்தச் சாவு நாடு முழுவதும் பேசப்பட்டது. சொந்த ஊர்ப் பெண் என்பதால் சிகாகோ பகுதியில் அது இன்னும் ஆழமாகத் தைத்தது.

நிதி நடந்த விதம் எளிமையானது. உள்ளே இருப்பவரின் குடும்பம் விண்ணப்பிக்கும். ஒரு குழு படித்துப் பார்த்து முடிவு செய்யும். தன்னார்வலர் ஒருவர் பணத்தோடு, சிகாகோவில் கலிஃபோர்னியா அவென்யூ என்ற தெருவில் உள்ள குக் கவுண்டிச் சிறையின் கட்டண ஜன்னலுக்குப் போவார். பெயர், கைதி எண், தொகை, கட்டுபவரின் அடையாள அட்டை; அப்புறம் காத்திருப்பு. பணம் கட்டிய உடனே ஆள் வந்துவிட மாட்டார். கணினியில் பதிவாகி, வேறு வழக்கு எதுவும் நிலுவையில் இல்லை என்று பார்த்து, உடைமைகளைத் திருப்பிக் கொடுத்து வெளியே விட மணிக்கணக்கில் ஆகும். நடுராத்திரியில், கையில் போனோ பேருந்துக்குக் காசோ இல்லாமல் தெருவில் வந்து நிற்பவர்கள் உண்டு. அவர்களைக் கூட்டிப் போக ஆள் வேண்டும். நீதிமன்றத் தேதியை நினைவூட்ட ஆள் வேண்டும். நிதியின் வேலையில் பாதி இதுதான்.

வழக்கு முடிந்தால் பணம் நிதிக்கே திரும்பும். எழுத்தரின் பிடித்தம் போக. அதை வைத்து அடுத்தவரை எடுக்கலாம். ஒரே டாலர் திரும்பத் திரும்பச் சுழலும். ஆனால் நிதி நடத்தியவர்கள் இதை ஒருபோதும் தர்ம காரியமாகப் பேசவில்லை. எத்தனை பேரை எடுத்தாலும் அன்று மாலையே அதைவிட அதிகம் பேர் உள்ளே போவார்கள் என்பது அவர்களுக்குத் தெரியும். தங்கள் நிதிக்கே வேலையில்லாமல் போக வேண்டும் என்பதை நோக்கமாகவே அறிவித்திருந்தார்கள்.

சரி, பிறகு எதற்குக் கட்டினார்கள்? உள்ளே இருப்பவர் வெளியே வர வேண்டும் என்பது முதல் காரணம். இரண்டாவது காரணம் ஒரு நிரூபணம். ரொக்க ஜாமீனை ஆதரிப்பவர்களின் வாதம் இதுதான்: சொந்தப் பணம் சிக்கியிருந்தால்தான் ஆள் நீதிமன்றத்துக்கு வருவான். நிதி யாருக்குப் பணம் கட்டியதோ அவர்களுடைய பணம் ஒரு டாலர்கூடச் சிக்கியிருக்கவில்லை. வராமல் போனால் நஷ்டம் முன்பின் தெரியாதவர்களுக்கு. இருந்தும் பெரும்பாலோர் தவறாமல் வந்தார்கள். ஆக, ஆளை நீதிமன்றத்துக்குக் கொண்டுவருவது பணம் இல்லை. தேதியை நினைவூட்டும் ஒரு குறுஞ்செய்தியும் போய்வரப் பேருந்துக் காசும் அதே வேலையைச் செய்கின்றன.

மூன்றாவது பலன் தானாக வந்தது. வெளியே வந்தவர்கள் பேசத் தொடங்கினார்கள். உள்ளே இருந்த சில வாரங்களில் வேலை போனவர், வாடகை கட்ட முடியாமல் வீட்டை இழந்தவர், பிள்ளைகளை உறவினர் வீட்டில் விட்டவர். குற்றத்தை ஒப்புக்கொண்டால் இன்றே வீட்டுக்குப் போகலாம், மறுத்தால் விசாரணை முடியும்வரை உள்ளே கிடக்க வேண்டும் என்ற நிலையில் தலையாட்டியவர்கள். சட்டமன்றக் குழுவின் முன்பும் தேவாலயக் கூட்டங்களிலும் இவர்களே சாட்சி சொன்னார்கள்.

2018 ரமலானில் 'பிலீவர்ஸ் பெய்ல் அவுட்' என்ற முஸ்லிம் குழுவும் சேர்ந்துகொண்டது. ஜகாத் பணத்தை வைத்து, விசாரணைக்கு முன்பே சிறையில் கிடக்கும் முஸ்லிம்களை மீட்பது அவர்கள் வேலை. ஜகாத்தைச் செலவிட குர்ஆன் சொல்லும் வகைகளில் பிணைப்பட்டவர்களை விடுவிப்பதும் ஒன்று. அதை அப்படியே எடுத்துக் கையாண்டார்கள். இந்தக் கூட்டணியில் கிறிஸ்தவ சபைகள், தொழிலாளர் மையங்கள், சட்ட உதவி அமைப்புகள் என்று பல தரப்பும் இருந்தன. ஒரே மொழியில் பேசாதவர்கள் ஒரே கோரிக்கையில் நின்றார்கள்.

கோர்ட்டில் உட்கார்ந்து எழுதியவர்கள்

2016-ல் 'கோயலிஷன் டு எண்ட் மனி பாண்ட்' உருவானது. அந்த ஆண்டு அக்டோபரில் குக் கவுண்டி நீதிபதிகள் மீதே ஒரு கூட்டு வழக்கு பதிவானது. அதே ஆண்டு மார்ச்சில் சீர்திருத்தம் பேசிய கிம் ஃபாக்ஸ், பதவியில் இருந்த மாவட்ட அரசு வழக்கறிஞர் அனிதா அல்வாரெஸை உட்கட்சித் தேர்தலில் தோற்கடித்திருந்தார். சிறையை நடத்திய ஷெரீஃப் டாம் டார்ட்டே ரொக்க ஜாமீனை ஒழிக்க வேண்டும் என்று வெளிப்படையாகச் சொன்னார். சிறை நடத்துபவரே இப்படிச் சொன்னால் மறுபக்கம் பேசுவது கடினம்.

2017 ஜூலையில் குக் கவுண்டியின் தலைமை நீதிபதி திமத்தி எவன்ஸ் ஓர் உத்தரவு போட்டார்: ஜாமீன் தொகை விதித்தால் அது அந்த நபரால் கட்டக்கூடிய தொகையாக இருக்க வேண்டும். பெருங்குற்ற வழக்குகளுக்கு அது 2017 செப்டம்பர் 18 முதல் நடைமுறைக்கு வந்தது. ஜாமீன் மனுக்களைப் பார்த்துக்கொண்டிருந்த பழைய நீதிபதிகளையும் மொத்தமாக மாற்றினார்.

உத்தரவு போட்டால் போதுமா? அங்கேதான் கோர்ட்டைக் கண்காணிக்கும் தன்னார்வலர்கள் வந்தார்கள். 26-ஆம் தெருவும் கலிஃபோர்னியா அவென்யூவும் சந்திக்கும் நீதிமன்றத்தில், பார்வையாளர் பெஞ்சில் படிவத்தோடு உட்கார்ந்தார்கள். எந்த நீதிபதி, என்ன குற்றச்சாட்டு, ஐ பாண்டா, டி பாண்டா, சி பாண்டா, எவ்வளவு தொகை, இவரால் எவ்வளவு கட்ட முடியும் என்று நீதிபதி ஒரு வார்த்தையாவது கேட்டாரா. ஒரு மனிதனின் அடுத்த சில மாதங்களைத் தீர்மானிக்கும் விசாரணை சில நிமிடங்களில் முடிந்துவிடுவதை அவர்கள் வரி வரியாகப் பதிவு செய்தார்கள். புது நீதிபதிகளுக்குள்ளேயே ஆளுக்கு ஆள் எவ்வளவு வித்தியாசம் என்பதும் வெளியே வந்தது.

இதே நீதிமன்றத்தின் பழைய கதை ஒன்று இங்கே பொருத்தம். 1999 முதல் 2008 வரை பெரும்பாலான பெருங்குற்ற வழக்குகளில் கைதியை நேரில் கொண்டுவராமல், உள்சுற்றுத் தொலைக்காட்சித் திரையில் காட்டியே ஜாமீன் விசாரணை நடத்தினார்கள். நார்த்வெஸ்டர்ன் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் பின்னர் கணக்குப் பார்த்தபோது, திரைக்கு மாறிய வழக்குகளில் சராசரி ஜாமீன் தொகை 51 சதவீதம் உயர்ந்திருந்தது. தொகையை நிர்ணயித்தது குற்றத்தின் தன்மை மட்டும் இல்லை என்பதற்கு இதைவிட வேறு சான்று தேவையில்லை.

எவன்ஸின் உத்தரவால் பலன் இருந்தது. சுமார் 7,500 பேர் இருந்த சிறை ஒரு வருடத்துக்குள் 6,000-க்குக் கீழே இறங்கியது. லயோலா பல்கலைக்கழகத்தின் டான் ஸ்டெமனும் டேவிட் ஓல்சனும் 2020-ல் வெளியிட்ட ஆய்வு, வெளியே வந்தவர்களில் மறுபடி குற்றச்சாட்டுக்கு ஆளானவர்களின் விகிதம் முன்பு 17.5, பின்பு 17.1 சதவீதம் என்றது. மாற்றம் இல்லை என்றுதான் அர்த்தம். நீதிமன்றத்துக்கு வரத் தவறியவர்கள் 16.7-லிருந்து 19.8 சதவீதமாகக் கொஞ்சம் கூடினார்கள். அதை இயக்கத்தினர் தங்கள் துண்டறிக்கைகளில் அவ்வளவாகச் சொல்லிக்கொள்ளவில்லை. முதல் ஆறு மாதத்தில் மட்டும் குடும்பங்களின் கையில் மிஞ்சிய ஜாமீன் பணம் 31.4 மில்லியன் டாலர் என்றும் அதே ஆய்வு கணித்தது.

ஆனாலும் கட்ட முடியாத தொகைகள் முழுசாக மறையவில்லை. கணுக்காலில் மின்னணுப் பட்டை மாட்டி வீட்டுச் சிறையில் வைப்பதும் பெருகியது. அதைவிட முக்கியம், இல்லினாய்ஸில் 102 கவுண்டிகள். எவன்ஸின் உத்தரவு ஒரே ஒரு கவுண்டிக்கு. தலைமை நீதிபதி மாறினால் உத்தரவும் மாறலாம். இனி சட்டம்தான் வழி என்று தெரிந்ததும் 2019-ல் 'இல்லினாய்ஸ் நெட்வொர்க் ஃபார் ப்ரீட்ரையல் ஜஸ்டிஸ்' என்ற மாநிலம் தழுவிய வலையமைப்பு உருவானது. சிகாகோக்காரர்களின் தலைவலி என்று ஒதுக்க முடியாதபடி, சின்ன ஊர்களிலும் ஆட்களைச் சேர்த்தார்கள்.

764 பக்கம், 60 வாக்கு

2020 இரண்டு வழியில் கதவைத் திறந்தது. ஏப்ரலில் குக் கவுண்டிச் சிறை, நாட்டிலேயே கொரோனா மிக மோசமாகப் பரவிய இடங்களில் ஒன்றாகப் பேசப்பட்டது. விசாரணைக்குக் காத்திருப்பவர் நோயில் சாவதா என்ற கேள்வி பொதுவெளிக்கு வந்தது. மே மாதம் ஜார்ஜ் ஃப்ளாய்ட் என்ற கறுப்பினத்தவர் போலீஸ் கையில் கொல்லப்பட்டார். நாடு முழுக்க ஜாமீன் நிதிகளுக்கு நன்கொடை வெள்ளமாக வந்தது. இல்லினாய்ஸ் சட்டமன்றத்தின் கறுப்பின உறுப்பினர் குழு நான்கு துறைகளில் சீர்திருத்தம் என்று அறிவித்தது. குற்றவியல் நீதி அதில் ஒன்று. இயக்கத்தினர் பல வருடமாக எழுதித் திருத்தி வைத்திருந்த வரைவு அப்போது தயாராக இருந்தது. கதவு திறந்த நேரத்தில் கையில் காகிதம் இருந்ததுதான் அவர்களின் கெட்டிக்காரத்தனம். வரைவை செனட்டில் முன்னெடுத்த ராபர்ட் பீட்டர்ஸும் வெளியாள் இல்லை. 2019-ல் செனட்டராவதற்கு முன் கூட்டணியின் உறுப்பு அமைப்பான 'தி பீப்பிள்ஸ் லாபி'யில் களப்பணி செய்தவர்.

பெரிய மசோதாவின் ஒரு பகுதியாக ரொக்க ஜாமீன் ஒழிப்பு சேர்க்கப்பட்டது. மொத்தம் 764 பக்கம். 2021 ஜனவரி 13 விடியற்காலையில் செனட்டில் 32-க்கு 23. முற்பகலில் பிரதிநிதிகள் சபையில் 60-க்கு 50. பழைய சபையின் ஆயுள் அன்று நண்பகலோடு முடிந்தது. தேவையான வாக்கு 60, கிடைத்ததும் 60. ஒருவர் எழுந்து காபி குடிக்கப் போயிருந்தால் இந்தக் கட்டுரையே இல்லை. விடியற்காலை அவசரத்தில் நிறைவேற்றியது பின்னால் எதிர்ப்பாளர்களுக்கு நல்ல ஆயுதமாகவும் ஆனது. அந்தக் குறையில் நியாயம் உண்டு. ஆளுநர் ஜே.பி. பிரிட்ஸ்கர் பிப்ரவரி 22-ல் கையெழுத்திட்டார்.

சட்டம் சொல்வது இதுதான். யாரையும் பணத்துக்காக உள்ளே வைக்கக் கூடாது. ரிமாண்ட் வேண்டுமென்றால் அரசு வழக்கறிஞர் மனுப் போட வேண்டும். அது சட்டத்தில் பட்டியலிட்ட குற்றமாக இருக்க வேண்டும். இவரால் இன்னாருக்கு உண்மையான ஆபத்து என்றோ, வேண்டுமென்றே தப்பி ஓடுவார் என்றோ தெளிவான சான்றுகளோடு காட்ட வேண்டும். குற்றத்தின் தரத்தைப் பொறுத்து 24 அல்லது 48 மணி நேரத்துக்குள் விசாரணை. கைதானவருக்கு வழக்கறிஞர் உண்டு. உள்ளே வைத்தால் 90 நாளுக்குள் வழக்கு விசாரணை நடக்க வேண்டும். ஒவ்வொரு வாய்தாவிலும் இன்னமும் உள்ளே வைக்கத்தான் வேண்டுமா என்று நீதிபதி திரும்பப் பார்க்க வேண்டும். மின்னணுக் கண்காணிப்பில் இருப்பவருக்குக் கடை, மருத்துவமனை போன்ற தேவைகளுக்கு வாரம் இரண்டு நாள் வெளியே போக அனுமதி. கண்காணிப்பையே 60 நாளுக்கு ஒருமுறை மறுபரிசீலனை செய்ய வேண்டும்.

இதில் இரண்டு முடிவுகளைத் தனியாகச் சொல்ல வேண்டும். ஒன்று, ஆபத்தை மதிப்பெண் போட்டுச் சொல்லும் கணினிக் கருவிகள். பணத்துக்குப் பதில் இவற்றை நம்பலாம் என்பதுதான் பல மாநிலங்களின் போக்கு. கலிஃபோர்னியாவில் சீர்திருத்தம் பேசிய சில அமைப்புகளே எதிர்ப்பக்கம் போனதற்கு இந்தக் கருவிகளும் ஒரு காரணம். பழைய கைதுகளை வைத்து மதிப்பெண் போட்டால், போலீஸ் எந்தத் தெருவில் அதிகம் சுற்றியதோ அந்தத் தெருக்காரனுக்குத்தான் மதிப்பெண் மோசமாக வரும். இல்லினாய்ஸ் சட்டம் இவற்றை மட்டுமே வைத்து ஒருவரை உள்ளே தள்ளக் கூடாது என்றது.

மற்றொன்று, குடும்ப வன்முறைக்கும் பாலியல் வன்முறைக்கும் எதிராக வேலை செய்யும் பெண்கள் அமைப்புகளோடு உட்கார்ந்து பேசியது. இவர்கள் எதிர்த்திருந்தால் மசோதா அன்றே செத்திருக்கும். ஆனால் பழைய முறையின் ஓட்டை அவர்களுக்கு நன்றாகத் தெரியும்: மனைவியை அடித்தவனிடம் பணம் இருந்தால் அன்று மாலையே வீட்டு வாசலில் நிற்பான். ஆபத்தானவனா என்ற கேள்வியே எழாது. கட்டினானா என்பதுதான் கேள்வி. புதிய சட்டத்தில் அந்தக் கேள்வி எழும், பாதிக்கப்பட்டவருக்குத் தகவலும் போகும். அதனால் ஆதரித்தார்கள்.

பயமும் வழக்கும்

2022 தேர்தல் வருடம். செய்தித்தாள் போலவே அச்சடித்த பிரசுரங்கள் வீடு வீடாகத் தபாலில் வந்தன. சட்டம் நடைமுறைக்கு வரவிருந்த 2023 ஜனவரி 1 அன்று கொலைகாரர்களும் கடத்தல்காரர்களும் கூட்டமாக வெளியே வருவார்கள், ஒரு நாள் முழுக்கச் சட்டமே இல்லாத ஊராகிவிடும் என்ற பாணியில் சமூக ஊடகப் பதிவுகள் பறந்தன. பெரும்பாலும் பொய். ஆனால் முழுப் பொய்யும் இல்லை: மூல வரைவில் சில கடுமையான குற்றங்களுக்கு எந்த நிலையில் ரிமாண்ட் கேட்கலாம் என்பதில் குழப்பம் இருந்தது. டிசம்பரில் ஒரு திருத்தச் சட்டம் போட்டுப் பட்டியலை விரித்தார்கள். இயக்கத்தினர் இதை ரசிக்கவில்லை. ஆனாலும் நியூயார்க்கில் நடந்தது போல அடிப்படையே சிதையவில்லை. ரொக்கம் திரும்பி வரவில்லை. பல வருடமாக ஊர் ஊராகப் பேசிச் சேர்த்த ஆதரவு அப்போதுதான் கைகொடுத்தது என்று நினைக்கிறேன்.

பாதிக்கும் மேற்பட்ட கவுண்டிகளின் அரசு வழக்கறிஞர்களும் ஷெரீஃப்களும் வழக்குப் போட்டார்கள்; அவர்களில் இரு கட்சிக்காரர்களும் உண்டு. டிசம்பர் 28 அன்று கான்ககீ கவுண்டி நீதிபதி தாமஸ் கனிங்டன் சட்டம் செல்லாது என்றார். மாநில அரசியலமைப்பில் ஜாமீன் என்ற ஏற்பாடே இருக்கும்போது சட்டமன்றம் அதை எப்படி எடுக்கலாம் என்பது வாதம். நடைமுறைக்கு வர சில மணி நேரமே இருக்க, டிசம்பர் 31-ல் மாநில உச்ச நீதிமன்றம் மொத்தத்தையும் நிறுத்திவைத்தது. 2023 ஜூலை 18-ல் தீர்ப்பு: 5-க்கு 2. தலைமை நீதிபதி மேரி ஜேன் தீஸ் எழுதினார். கைதானவர் விசாரணைக்கு வருவதை உறுதி செய்யப் பணம்தான் ஒரே வழி என்று 1970-ஆம் ஆண்டு அரசியலமைப்பு எங்கும் சொல்லவில்லை என்பது அதன் சாரம். இரண்டு குடியரசுக் கட்சி நீதிபதிகள் மாறுபட்டார்கள். 2022 நவம்பரில் இரண்டு உச்ச நீதிமன்ற இடங்களுக்கு நடந்த தேர்தலில் இரண்டும் குடியரசுக் கட்சிக்குப் போயிருந்தால் பெரும்பான்மையே மாறியிருக்கும். அறுபது வாக்கு, இரண்டு நீதிபதி இடம்: இந்தக் கதை முழுக்க இப்படித்தான் நூலிழையில் நடந்தது.

வந்த பிறகு

வானம் இடிந்து விழவில்லை. லயோலா குழுவின் முதல் ஆண்டு அறிக்கைப்படி, குக் உள்ளிட்ட நகரக் கவுண்டிகளில் சிறையில் இருப்போர் எண்ணிக்கை 14 சதவீதம் குறைந்தது. கிராமப்புறத்தில் 25 சதவீதம். பணத்தால் உள்ளே கிடந்தவர்களின் விகிதம் அதிகமாக இருந்தது சிகாகோவில் இல்லை, யாரும் எட்டிப் பார்க்காத சின்ன ஊர்களில் என்பது இதிலிருந்து தெரிகிறது. வராதவர்கள் மீது பிடியாணை போடும் விகிதம் 17-லிருந்து 15 சதவீதமாக இறங்கியது. குற்றங்களும் அந்தக் காலத்தில் குறைந்தன. ஆனால் அப்போது நாடு முழுவதும் குறைந்துகொண்டிருந்தன. அதைச் சட்டத்தின் சாதனையாகச் சொல்பவர்களை நான் நம்ப மாட்டேன். கூடவில்லை என்று மட்டும் சொல்லலாம், அதுவே போதும்.

எதிர்பாராத இடத்தில் முட்டியது மேல்முறையீடு. ரிமாண்ட் உத்தரவை எதிர்த்து யாரும் உடனே மேல்முறையீடு செய்யலாம் என்றதால் மேல்முறையீட்டு நீதிமன்றங்கள் திணறின. 2024 ஏப்ரலில் மாநில உச்ச நீதிமன்றம் விதியை மாற்றி, முதலில் அதே நீதிபதியிடம் மறுபரிசீலனை கேட்க வேண்டும் என்றது. அப்புறம் ஆள் பற்றாக்குறை. சில நிமிடத்தில் தொகை சொல்லி அனுப்பிய இடத்தில் இப்போது சான்றுகளோடு வாதாட வேண்டும். சின்ன கவுண்டிகளில் ஏழைகளுக்கு வாதாடும் அரசு வழக்கறிஞர்கள் மிகக் குறைவு. ஜாமீன் பணத்தில் பிடித்த கட்டணத்தை நம்பியிருந்த கவுண்டி வரவுசெலவுகளும் அடிபட்டன.

இனி அந்த விலை. பழைய முறையில் ஒருவரை உள்ளேயே வைக்க விரும்பிய நீதிபதி, கட்ட முடியாத தொகையைச் சொல்லிவிட்டு நகர்ந்துவிடுவார். காரணம் எழுத வேண்டாம். இப்போது ரிமாண்ட் என்றால் ரிமாண்ட். எவ்வளவு பணம் திரட்டினாலும் வெளியே வர முடியாது. விசாரணைக்கு முன்பே ஒருவரை "ஆபத்தானவர்" என்று அடைத்துவைக்கும் அதிகாரத்தை, சிறையைக் காலி செய்யக் கிளம்பிய இயக்கமே சட்டமாக எழுதிக் கொடுத்தது என்று இடதுபக்கத்திலிருந்து விமர்சனம் உண்டு. அது லேசான விமர்சனம் இல்லை. என் பார்வையில், காரணத்தை எழுத்தில் வாங்கி மேல்முறையீட்டில் கிழிக்க முடிகிற ரிமாண்ட், காரணமே சொல்லாத 50,000 டாலரைவிட மேல். ஆனால் உள்ளே இருப்பவரின் குடும்பம் இதை ஒப்புக்கொள்ள வேண்டும் என்று எதிர்பார்க்க மாட்டேன்.

2025 ஆகஸ்ட் 25-ல் அதிபர் டிரம்ப், ரொக்க ஜாமீனை ஒழித்த இடங்களைப் பட்டியலிட்டு, அவற்றுக்கான மத்திய நிதியைப் பிடிக்க வழி பார்க்கும்படி உத்தரவிட்டார். அதே ஆண்டு ஏப்ரலில் ஷெரீஃப் டார்ட், தன் மின்னணுக் கண்காணிப்பில் கைதானவர்களைப் புதிதாகச் சேர்ப்பதை நிறுத்திவிட்டார். பொறுப்பு தலைமை நீதிபதியின் அலுவலகத்துக்குப் போனது. கூட்டணியில் ஒரு காலத்தில் வேலை செய்த ஷரோன் மிட்செல், 2021-ல் குக் கவுண்டியில் அரசு செலவில் ஏழைகளுக்கு வாதாடும் வழக்கறிஞர்களின் தலைவரானார். ரிமாண்ட் மனுக்களை எதிர்த்து நிற்பது இப்போது அவருடைய அலுவலகம். வெளியே இருப்பவர்கள் 'ப்ரீட்ரையல் சக்சஸ் ஆக்ட்' என்ற அடுத்த கோரிக்கையைத் தூக்கினார்கள்: வெளியே விடப்பட்டவர் கோர்ட்டுக்கு வந்துபோகப் பேருந்துக் காசு, அந்த நேரத்தில் குழந்தையைப் பார்த்துக்கொள்ள ஆள், தேவைப்பட்டால் மனநல, போதை சிகிச்சை. ஜாமீன் நிதி தன் கைக்காசில் செய்த வேலையை அரசு தன் செலவில் செய்ய வேண்டும் என்பதுதான் கேட்பு.